இடது கையின் அளவு

லா சப்பல்
2025 பெப்ரவரி 3

அன்பு மகள் தர்மிளாவுக்கு,

போனில் கேட்டால் "சா வா, அப்பா", சுகம்தான் என்று பிரெஞ்சில் இரண்டு சொல்லோடு வைத்துவிடுகிறாய். அதனால் அம்மா அனுப்பும் பயித்தம் பணியாரத்தோடு இதையும் வைக்கிறேன். ஏழாம் வகுப்போடு நின்றவன் எழுத்து, பிழை பார்க்காதே.

ஏப்ரலில் சிவாஜினி மச்சாளின் கலியாணம். உனக்குச் சட்டை தைக்க வேண்டும். போன முறை தைத்தது, நீ ஆலாத்தித் தட்டைத் தூக்கியதும் முதுகில் "டர்" என்றது. பிரான்ஸ் பெண்கள் அணியில் பக்கத்துக்கு ஏழு பேராக ஆடும் றக்பி விளையாடுகிற பிள்ளைக்குத் தையல்காரன் காணாது, கூடாரம் அடிக்கிறவன்தான் வேண்டும். சிநேகிதி ஒருத்தியைக் கொண்டு அளவெடுத்து அனுப்பு. கை இரண்டையும் தனித்தனியாக அளக்கச் சொல்லு.

நாலு ஞாயிறாக உன்னை வீட்டுப் பக்கம் காணவில்லை. அம்மாவின் கோபத்தைக் குசினியில் சட்டி பானைதான் சொல்லுது.

உன் அப்பா
வாமதேவன்


பயிற்சி முகாம்
பெப்ரவரி 10

அன்பான அப்பா,

பணியாரம் பத்து நிமிடத்தில் முடிந்தது. எனக்குக் கிடைத்தது இரண்டுதான்.

மார்பு 98, தோள் 42, வலது மேல்கை 35, இடது மேல்கை 32. சிநேகிதி இரண்டு தரம் அளந்தாள். பயிற்சி அதிகம், இந்த ஞாயிறும் வர முடியாது. தமிழில் பிழை இருந்தால் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்தை ஏசுங்கள்.

தர்மி


லா சப்பல்
பெப்ரவரி 14

தர்மி பிள்ளை,

ரூ லூயி-பிளாங் தெருவில் தையல் கடை போட்டு இருபத்தாறு வருடமாகக் கை அளக்கிறேன். இரண்டு கைக்கும் ஒரு சென்ரிமீற்றர் வித்தியாசம் எல்லோருக்கும் இருக்கும். மூன்று என்றால், அது கட்டுப்போட்டுக் கிடந்து மெலிந்த கை.

"ஒரு எலும்பு உடைஞ்சாலும் விட்டிட்டு வந்திடுவன் அப்பா" என்று பதினெட்டு வயதில் எனக்குச் சத்தியம் பண்ணிவிட்டுத்தான் இந்த விளையாட்டுக்குப் போனாய். அதுதானா? உள்ளதை எழுது. அம்மாவுக்கு இன்னும் சொல்லவில்லை. துணியும் வெட்டவில்லை.

அப்பா


பயிற்சி முகாம்
பெப்ரவரி 19

அப்பா,

ஓம். சனவரி ஆறாம் திகதி பயிற்சியில் விழுந்தேன். இடது காறை எலும்பு உடைந்தது. தகடு வைத்துத் தைத்தார்கள், உங்கள் தையலைப்போல நேர் இல்லை.

சொன்னால் சத்தியத்தைக் கேட்பீர்கள் என்று பயந்தேன். மே மாதப் போட்டியில் ஆடலாமா என்று மார்ச் 28 டொக்டர் சொல்வார். அதற்கு முன் நீங்கள் விடச் சொன்னால் விடுகிறேன். ஆனால் அப்பா, எனக்கு இருபத்துநாலு வயது. இதைவிட வேகமாக நான் இனி ஒருநாளும் ஓடப்போவதில்லை.

தர்மி


லா சப்பல்
பெப்ரவரி 23

என் பொய்க்காரிக்கு,

"தகடு வைச்ச பிள்ளை, இனி எயாப்போட்டிலை மணி அடிக்கும்" என்று அம்மாவிடம் பகிடியாகத்தான் தொடங்கினேன். அகப்பையோடு வந்தாள். பிறகு இருந்து அழுதாள். "மயக்க ஊசி போடேக்கை பிள்ளைக்குப் பக்கத்திலை ஆர் நிண்டது?" என்று கேட்டாள். எங்களை அங்கே நிற்கவிடாமல் பண்ணியது நான் வாங்கிய சத்தியம்.

அதை நான் பயத்தில்தான் வாங்கினேன். உன் ஆட்டம் ஒன்றைக்கூட ரீவியில் முழுதாகப் பார்த்தவனில்லை. உன்னைப் பிடிக்க ஆட்கள் ஓடிவந்தால் நான் கழிப்பறைக்குள். அம்மா வந்து கதவில் தட்டி "எழும்பீட்டாள்" என்ற பிறகுதான் வெளியே வருவேன். ஒரு ஆட்டம் பதினாலு நிமிடமாம். எனக்கு ஐந்து நிமிடம்கூடத் தெரியாது.

சத்தியத்தைத் திருப்பித் தந்துவிட்டேன். டொக்டர் ஓம் என்றால் விளையாடு. ஆனால் 28ஆம் திகதி நானும் வருவேன். அன்றைக்குக் கடை பூட்டு.

அப்பா


பயிற்சி முகாம்
ஏப்ரல் 2

அன்பான அப்பா,

இன்று பட்டியல் வந்தது. மே மாதம் போகும் பன்னிரண்டு பேரில் நானும் ஒருத்தி. "விளையாடலாம்" என்ற டொக்டரின் கையைப் பிடித்து நீங்கள் குலுக்கிய குலுக்கில் அவருடைய காறை எலும்புக்கு என்ன ஆனதோ தெரியாது.

போவதற்கு முன் ஒரு படிவம் நிரப்ப வேண்டும். அடிபட்டால் யாருக்கு அறிவிப்பது என்று அதில் ஒரு கேள்வி. ஆறு வருடமாக அந்த இடத்தில் சிநேகிதியின் பெயரைத்தான் எழுதினேன். இன்று உங்கள் பெயரை எழுதினேன். சின்னச் சின்னப் பெட்டிகள், உங்கள் பெயர் அடங்கவில்லை. கடைசி இரண்டு எழுத்தையும் கோட்டுக்கு வெளியே எழுதிக் கொடுத்துவிட்டேன்.

உங்கள் மகள்
தர்மிளா வாமதேவன்