மூன்றாவது ஜாடி

என்னங்க,

சாப்பாடு அடுப்பு மேடையில். சாவி ஆணியில்.

உப்புப் பிசறிப் புளிக்க வைத்த முட்டைக்கோஸ் தயாராகிவிட்டது. பழக்கதோஷத்தில் மூன்று ஜாடி போட்டிருக்கிறேன். மூன்றாவது ஜாடி பையனுக்கு. மதியம் துணிமணி எடுத்துப்போக வருகிறான், கொடுத்துவிடுங்கள்.

நேற்று மூடியை நீங்கள் இறுக்கிவிட்டீர்கள். ஒருமுறை திறந்து காற்றை விடுங்கள். இல்லாவிட்டால் பஸ்ஸில் பொங்கி அவன் மடி நனையும்.

எனக்கு அழுகையும் வரவில்லை, கோபமும் வரவில்லை. வேலைக்கும் இன்று லீவுதான். சும்மா வெளியே போகிறேன்.

பி.கு: "இனிமே இந்த வாசப்படியை மிதிக்காதே" என்று சொல்லியிருக்கிறீர்கள். வீம்பில் அவன் உங்கள் பிள்ளை, மிதிக்க மாட்டான். தெருவிலேயே நிற்பான். ஜாடியை எடுத்துக்கொண்டு நீங்கள்தான் படியிறங்க வேண்டும்.