உங்கள் இழையை நான்தான் உருவினேன்

நேற்று மதியம் கேம்பல் பே பள்ளிக்கூடத்துக்குக் கீழே, சாலை வளையும் இடத்தில் அம்மோனியா வாசம் அடித்தது. அந்த வாசத்துக்கு அங்கே இனி வேலையில்லை. நீங்கள் வரைபடங்களுக்கு நீல நகல் எடுத்த பழைய தகரக் கொட்டகையை இடித்து எவ்வளவோ காலம் ஆகிறது. ஆனால் நேற்று அது நின்றிருந்தது, சாலையில் பாதியை அடைத்துக்கொண்டு. ஜன்னலுக்குள் நீங்கள் குனிந்து கோடு போட்டுக்கொண்டிருந்தீர்கள்.

எதிரே சிலர் கைகூப்பி நின்றார்கள். கீழிருந்து ஏறி வந்த தண்ணீர் லாரி, இல்லாத அந்தச் சுவரைக் கண்டு ஒடித்துத் திரும்பியது. பின்சக்கரம் சரிவில் தொங்கியது. ஓட்டுநர் குதித்துத் தப்பினார். கும்பிட்டவர்கள் கையை இறக்கவில்லை.

நீங்கள் இறந்த பிறகும் உங்கள் இழை பிடிதுணியில் இருந்ததால் வந்த வினை அது.

நம் சங்கம் என்ன செய்கிறது என்று மெயின்லாண்டிலிருந்து வருபவர்களுக்கு விளக்கி நான் ஓய்ந்துவிட்டேன். ஊரில் உயிரோடிருக்கும் ஒவ்வொருவரும் உடுத்திப் பழகிய துணியிலிருந்து ஓர் இழை தருகிறார்கள். அவற்றைச் சேர்த்து நாம் நெய்யும் பிடிதுணி, ஊரை அதனதன் இடத்தில் பிடித்துவைக்கிறது. துணி நைந்தால் ஊர் நெகிழும். போர்ட் பிளேர் கிளையின் துணியில் ஓரம் பிரிந்தபோது, அபர்டீன் பஜாரிலிருந்து கிளம்பிய ஆட்டோக்கள் எந்தத் தெருவில் நுழைந்தாலும் மணிக்கூண்டுக்கே வந்து சேர்ந்தன. அந்த ஓரத்தை நெய்து கொடுக்க நீங்கள்தான் கப்பலேறிப் போனீர்கள். பாராட்டு விழாவில் மேடையேறியவர்கள் வேறு சிலர். அவர்கள் யார் என்பது எனக்கு நினைவிருக்கிறது.

நான் எதையும் மறப்பவனல்ல. சங்கத் தலைவர் தேர்தலில் நீங்கள் என்னைத் தோற்கடித்ததையும் மறக்கவில்லை. நான் இயற்பியல் படித்தவன். இழுவிசையைப் பற்றி நீளமாகவே பேசினேன். நீங்கள் எழுந்து, "சார் பேசினது போதும்னு நினைக்கிறவங்க கை தூக்குங்க" என்றீர்கள். கூடம் சிரித்துக்கொண்டே கை தூக்கியது. எனக்கு ஆதரவு என்று வாக்குக் கொடுத்துவிட்டு வந்தவர்களும் தூக்கினார்கள். உங்கள் நெசவு என்னுடையதைவிட மேலானது என்பது எனக்கு அன்றே தெரியும். சொல்லத்தான் மனமில்லை.

பிறகு நிலம் அதிர்ந்து கடல் ஏறியது. தரையே தாழ்ந்தது. கரைச்சாலையும் கடைத்தெருவும் தண்ணீருக்குள் போயின. இறந்தவரின் இழை துணியில் கிடந்தால் அவர் புழங்கிய இடம் அழிந்த பின்னும் தோன்றும்; அதை உடனே உருவிவிட வேண்டும் என்பது சங்கத்தின் விதி. ஆனால் அன்று யார் வீட்டில்தான் சாவு இல்லை? எவருக்கும் மனம் வரவில்லை. பிற்பகல்களில் அந்தப் பழைய சாலை கடல்மேல் தெரிந்தது. நனையாத தார், சாத்திவைத்த சைக்கிள்கள், திறந்த கடைகள். தையற்காரர் ஒருவர் கையில் கத்தரியோடு தன் கடைக்கு நடந்தார். கழுத்தளவு தண்ணீரில் பிடித்து இழுத்து வந்தோம். "கடைக்குள்ள எம்பொண்ணு ஒக்காந்திருக்கு. என்னை ஏன்யா இழுத்தீங்க?" என்று எங்களை அடித்தார்.

மறுநாள் நீங்கள் தறிக்கூடத்தைத் திறந்துவைத்து ஊரைக் கூப்பிட்டீர்கள். உருவ வேண்டாம் என்று எல்லோரும் மன்றாடினார்கள்.

"கண்ணால பாத்துக்கவாவது இருக்கட்டும்மா."

"பாக்கறதோட நிப்பீங்களா?" என்று கேட்டீர்கள்.

நீங்கள் முதலில் உருவியது உங்கள் கணவரின் இழையை. பழுப்புநிறக் கட்டம்போட்ட லுங்கியின் நூல். அவசரமும் இல்லை, தயக்கமும் இல்லை. பக்கத்து இழைகளில் ஒரு சுருக்கம்கூட விழவில்லை. அப்படியொரு கைவேலையை அதன்பின் நான் பார்த்ததில்லை.

என் தம்பியின் இழைக்கு வந்தபோது துணியின்மேல் என் கையை வைத்தேன். வீட்டுச் சண்டையில் பேச்சை முறித்துக்கொண்டு, அப்படியே கடலோடு போய்விட்டவன்.

"இவனை விடுங்க. இவன்கிட்ட நான் கேக்க வேண்டியது இருக்கு."

"கேக்க வேண்டியத நீங்க வச்சுக்கங்க சார். கைய எடுங்க."

எடுத்தேன். அதற்காக உங்களை இன்றுவரை மன்னிக்கவில்லை. ஆனால் அன்று மாலையிலிருந்து கடல் கடலாகவும் கரை கரையாகவும் இருந்தன. தகரக் குடியிருப்புகளில் பிள்ளைகள் பயமின்றி விளையாடினார்கள்.

ஊர் உங்களை "எமன் வீட்டுத் தறிக்காரி" என்றது. மீன்காரி உங்களைக் கண்டால் கூடையை மூடினாள். நீங்கள் பகலில் புதிய சாலைகளுக்கு வரைபடம் போட்டீர்கள், மாலையில் அவற்றைத் துணியில் நெய்தீர்கள். உங்களுக்காக நான் ஒருவனோடு சண்டைக்குப் போனபோது, சட்டையைப் பிடித்து இழுத்து, "பேசட்டுமே சார். தரைமேல நின்னுதானே பேசறாங்க" என்றீர்கள்.

காலம் போகப்போக அந்த வாய்கள் உங்களை அக்கா என்று அழைக்கத் தொடங்கின. நீங்கள் இறந்ததும் சங்கத்தைக் கூட்டி, உங்கள் இழை துணியிலேயே இருக்கட்டும் என்று தீர்மானம் போட்டார்கள். முன்னே நின்றவர் இப்போதைய செயலாளர், காண்டிராக்டர்.

"அக்கா நமக்கு தெய்வம் சார். ஒரு இழைதானே, ரெஹ்னே தோ, இருந்துட்டுப் போகட்டும்."

"இந்தத் தெய்வத்துக்கு மீன் விக்கக்கூடாதுன்னு சொன்னது யாரு?"

"அரே, பழசையெல்லாம் எதுக்குக் கிளறுறீங்க?"

பழசைக் கிளறாமல் இருக்க எனக்குத் தெரியாது. அது உங்களுக்கும் தெரியும். போர்ட் பிளேர் ஆஸ்பத்திரிக்கு உங்களைக் கப்பலேற்றிய அன்று, கப்பல்துறையில் அத்தனை பேர் நிற்க, ஸ்ட்ரெச்சரிலிருந்து என்னைத்தான் கூப்பிட்டீர்கள்.

"நான் திரும்பலைன்னா நீங்கதான் உருவணும்."

"நான் எதுக்கு?"

"மத்தவங்களுக்கு என்மேல பாசம் வந்திருச்சு. உங்களுக்குத்தான் இன்னும் கோவம் இருக்கு. கை நடுங்காது."

சொல்லிவிட்டுச் சிரித்தீர்கள். சிரிப்பு இருமலாகி, படுக்கையைத் தூக்கியவர்கள் நிற்க வேண்டியதாயிற்று. நான் சரி என்று சொல்லவில்லை. தலையை மட்டும் ஆட்டினேன்.

இன்று மதியம் தறிக்கூடத்தைத் திறந்தேன். உங்கள் இழை அலுவலகத்துக்குக் கட்டிய சாம்பல்நிறப் பருத்திப் புடவையின் நூல். கூடத்து வாசலிலிருந்து பார்த்தால் வளைவு தெரியும், கொட்டகை தெரியும், ஜன்னலில் நீங்களும். வெகுநேரம் பார்த்துக்கொண்டு நின்றேன். நீங்கள் ஒருமுறையாவது நிமிர்வீர்கள் என்று நினைத்தேன். நிமிரவில்லை. வேலையில் இருக்கும்போது நீங்கள் எப்போதுதான் நிமிர்ந்தீர்கள்?

பிறகு பள்ளி மணி அடித்தது. பிள்ளைகள் அந்த வளைவில் இறங்கி வருவார்கள். உருவினேன். கை நடுங்கியது. அந்த ஒன்றில் நீங்கள் என்னைத் தவறாக எடைபோட்டுவிட்டீர்கள். பக்கத்து இழைகள் சுருங்கின. தடவித்தடவி நேராக்கினேன். நிமிர்ந்தபோது வளைவில் சாலை மட்டும் இருந்தது. பிள்ளைகள் அதன்மேல் ஓடி வந்துகொண்டிருந்தார்கள்.

மாலைக்குள் ஊருக்குத் தெரிந்துவிட்டது. டீக்கடையில் செயலாளர் என் காதுபடவே சொன்னார்:

"தேர்தல்ல தோத்த வன்மம். அக்கா சாகற வரைக்கும் காத்திருந்து தீத்துக்கிட்டாரு பாருங்க."

கடைக்காரர் என் முகத்தைப் பார்க்காமல், "டீ இல்ல சார்" என்றார். அடுப்பில் பால் பொங்கிக்கொண்டிருந்தது.

வாழ்நாளெல்லாம் ஒவ்வொரு பேச்சுக்கும் பதில் பேசி வழக்காடியவன் நான். இன்று பேசவில்லை. நீங்கள் கப்பல்துறையில் சொன்னதை எடுத்துச் சொன்னால், உங்களை மறுபடியும் வைவார்கள். அவர்களுக்கு உங்கள்மேல் தாமதமாக வந்த பாசம் அப்படியே இருக்கட்டும். ஊருக்குக் கோபப்பட ஓர் ஆள் வேண்டும். அதற்கு நான் இருக்கிறேன்.