ஹாலில் இல்லாத படிக்கட்டு

8 நவம்பர் 2025

நாங்கள் முன்பு இருந்த முடிச்சூர் வீட்டில் வாடகைக்குக் குடியிருந்தவர்கள் காலி செய்துவிட்டார்கள். பெயின்ட் அடிக்க ஆள் பிடிக்கும் வேலை எனக்கும் தம்பி விக்கிக்கும். அப்பாவுக்கு முட்டி வலியாம். கிரிக்கெட் பார்க்க மட்டும் வலிக்காது. விக்கி வர மாட்டேன் என்றான். வழக்கமான அஸ்திரத்தை எடுத்தேன்: 2015 வெள்ளத்தில் உன்னை முதுகில் சுமந்து மொட்டை மாடி ஏற்றியது யார்? அப்போது அவனுக்கு ஒன்பது வயது, எனக்குப் பதினைந்து. அம்மாவும் அப்பாவும் தாம்பரத்தில் மாட்டிக்கொண்டார்கள். பத்து வருடமாக இந்த ஒரு கேள்விக்காகவே அவன் என் துணியைக்கூடக் காயப்போட்டிருக்கிறான்.

9 நவம்பர்

ஹாலில் படிக்கட்டு இல்லை.

வெள்ளத்தோடு வேறு வீட்டுக்குப் போன பிறகு இன்றுதான் இதற்குள் வருகிறேன். இடப்பக்கம், பச்சைக் கைப்பிடி, பன்னிரண்டு படி - எல்லாம் ஞாபகம் இருக்கிறது. அங்கே வெறும் சுவர். படிக்கட்டு வீட்டுக்குப் பின்னால், வெளியே. இடித்துவிட்டார்களா என்று அப்பாவுக்கு போன் போட்டேன். கட்டியதே வெளியில்தான் என்றார். அப்புறம் நான் எதில் ஏறினேன்? விக்கி ஜன்னல் கொக்கிகளை ரொம்ப அக்கறையாகப் பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்கு அக்கறை வந்தால் எதையோ மறைக்கிறான் என்று அர்த்தம்.

15 நவம்பர்

பக்கத்து வீட்டு ரோஸி அக்காவிடம் கேட்டேன். கேட்டிருக்கவே கூடாது. அன்றைக்கு நெஞ்சளவு தண்ணீரில் எங்களைக் கூப்பிட வந்தவர் அவர்.

"நீ எங்க தமிழினி அவன தூக்கின? பீரோ மேல குந்திகினு வரமாட்டேன்னு அழுதுகினு இருந்த. இவன்தான் கழுத்து வரைக்கும் தண்ணில நின்னு, உன் கையப் புடிச்சி இட்டுகினு வந்தான்."

பொய் என்றேன். பாவம் பார்த்து டீ கொடுத்தார்.

சீ. பீரோ மேல் ஒட்டடை, மூக்கில் ஏறியது - இப்போதுதான் ஞாபகம் வருது. சனியன் புடிச்ச ஞாபகமே, பத்து வருஷம் எங்க போயிருந்த?

16 நவம்பர்

வண்டியை ஓரம் கட்டச் சொல்லி விக்கியிடம் கேட்டேன்: தெரிஞ்சும் ஏன்டா சொல்லல?

ஹெல்மெட்டைக் கழற்றாமலே சொன்னான். "தண்ணி வடிஞ்சப்புறம் நீ டெய்லி அழுதுட்டே இருந்த. என்னைத் தூக்கிட்டுப் போனதா யார்கிட்டயோ சொன்ன அன்னைக்குதான் அழல. சரின்னு விட்டுட்டேன்."

ஒன்பது வயசுப் பொடியன்! அவனைப் பத்து வருஷம் வேலை வாங்கியிருக்கேன். த்தூ, நானும் ஒரு அக்கா.

மன்னிப்புக் கேட்க வாயைத் திறந்தேன். பசிக்கிறது, பரோட்டா சாப்பிடலாம் என்றான்.

17 நவம்பர்

என் துணியை நானே காயப்போட்டேன். மழை.

30 நவம்பர்

வீடு பார்க்க ஒரு குடும்பம் வந்தது. வெள்ளத்தில் எப்படிச் சமாளித்தீர்கள் என்று அந்த அம்மா கேட்டார். விக்கி என்னைக் காட்டி, அக்காதான் என்னை, என்று ஆரம்பித்தான்.

"இல்லைங்க, நான் பயந்து உட்கார்ந்துட்டேன். இவன்தான் என்னைக் கூட்டிட்டுப் போனான்" என்றேன்.

சமையலறைப் பக்கம் போனவன் கொஞ்ச நேரம் திரும்பி வரவில்லை. நானும் போய்க் கூப்பிடவில்லை.