கவிழ்ந்த மேஜை

டைரக்டர் ஆகிவிட்ட என் மகனுக்கு,

போன வாரம் டோக்கியோவில், ஷின்ஜுகு தியேட்டரில் உன் படத்தைப் பார்த்தேன். மகன் சாப்பாட்டு மேஜையைக் கவிழ்த்து, அப்பாவைத் திட்டிவிட்டு வீட்டை விட்டுப் போகிறான். நீ போன அன்று நம் வீட்டில் நடந்தது அப்படியே. பக்கத்து சீட்டுப் பெண், "அப்படிப் போடு! கெழவனுக்கு நல்லா வேணும்!" என்று கைதட்டினாள். நானும் தட்டினேன்.

ஆனால் உன் கேமரா மகன் பின்னாலேயே தெருவுக்கு ஓடிவிட்டது. அம்மாவாக வந்தவள் கிமோனோவின் நீளக் கையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள், அவ்வளவுதான். நான் எங்கேயடா அழுதேன்? தரையில் பதித்த பாய்களின் இடுக்கில் புகுந்த மிசோ சூப்பைத் துடைத்து எடுக்கவே எனக்கு நேரம் போதவில்லை.

உன் படத்தைப் பற்றி ஆபீஸில் யாரோ அப்பாவிடம் சொல்லியிருக்கிறார்கள். நேற்று வந்ததும் வராததுமாக, "பெத்த அப்பனையே சந்தி சிரிக்க வெச்சுட்டான் உம் புள்ள!" என்று அவரும் மேஜையைக் கவிழ்த்தார். மீனும் சோறும் பாயெல்லாம் சிதறின.

"என்ன மரம் மாதிரி நிக்கிற? தொடைச்சு எடு!"

"கவுத்தவங்க தொடைக்கட்டும்."

கல்யாணமாகி முதல்முறையாக அப்படிச் சொன்னேன். சோற்றைத் தாண்டிப்போய், செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டேன். இப்போது நகோயாவில் என் தங்கை வீட்டில் இருக்கிறேன். சமாதானம் பேச யாரும் வர வேண்டாம்.

தரை துடைக்கிற துணி எங்கே இருக்கிறதென்று அப்பாவுக்குத் தெரியாது. உனக்குப் போன் பண்ணிக் கேட்டாலும் கேட்பார்.

உனக்கும் தெரியாது.

அம்மா