ஈட்டி பிடித்த அம்மை

அக்கா,

இன்று காலமை கட்டடத்தில் கரண்ட் நின்றுவிட்டது. வெளிச்சம் திரும்பி வந்ததும் மெழுகுதிரியை ஊதி அணைத்தேன். அந்தப் புகை மணத்தோடு நீங்களும் வந்துவிட்டீர்கள். கடலுக்கு இந்தப் பக்கம் டோர்செட் பார்க்கில் இருந்துகொண்டு, பிரான்சின் மேற்குக் கரையில், பிரெத்தாஞ்சில், நீங்கள் குடியிருந்த ஊரின் பழைய தேவாலயத்தை மணக்கிறேன். மேசையில் போன் கிடக்கிறது. உங்களுக்கு வந்த மாதிரியே எனக்கும் மார்பில் ஒரு கட்டி. துண்டெடுத்துச் சோதித்த ரிசல்ட்டை டொக்டர் இன்றைக்குச் சொல்வார். விடிந்ததிலிருந்து ஒரு தேத்தண்ணிகூட ஒழுங்காய்க் குடிக்கவில்லை.

நான் உங்களிடம் வந்து நின்ற அன்றைக்கு உங்களுடைய ரிசல்ட்டுக்குத்தான் காத்திருந்தோம். வீட்டுக்குள் இருந்தால் விசர் பிடிக்கும் என்று என்னை அந்தத் தேவாலயத்துக்கு இழுத்துக்கொண்டு போனீர்கள். உள்ளே முகடு முழுக்க நீலம் பூசிய பலகை, வள்ளத்தைக் கவிழ்த்துப் போட்டதுபோல. "வள்ளம் கட்டின ஆக்கள்தான் உதையும் கட்டினவையாம்" என்றீர்கள். குறுக்கே போன பெரிய உத்தரத்தின் இரண்டு முனைகளையும் கோரப்பல் மிருகங்கள் கவ்வியிருந்தன. "உது எங்கட யாளியெல்லே" என்றேன். உத்தரத்தின் நடுவில் சிலுவையும் அழுகிற தாயும், மரத்தில் செதுக்கியவை, சிவப்பும் பச்சையும் மங்கிப்போய் நின்றன. நீங்கள் அந்தத் தாயைப் பார்த்தபடியே கனநேரம் நின்றீர்கள்.

வெளியில், முந்தி எலும்புகளைச் சேர்த்துவைத்த சின்னக் கல்வீட்டின் சுவரில், எலும்பும் தோலுமாய் ஒரு உருவம். எங்கள் கோயிலில், பேயுருவம் கேட்டு வாங்கி நடராசரின் காலடியில் தாளம் தட்டுகிற அம்மையேதான்; அதே ஒட்டிய வயிறு, அதே விலா. ஓடிப்போய்க் கும்பிட்டேன். "அம்மா, என்ர அக்காவைக் கைவிட்டிடாதை, கூடவே நில்லு" என்று வாய்விட்டே கேட்டேன்.

நீங்கள் அதன் கையைக் காட்டினீர்கள். தாளம் இல்லை, ஈட்டி.

"உவர் அங்கூ. இஞ்சத்தை ஆக்களுக்குச் சாவு உவர்தான்."

போயும் போயும் யமனிடமா உங்களை ஒப்படைத்தேன்? கும்பிட்டதை எப்படித் திருப்பி வாங்குவது? பதறிப்போய்க் கன்னத்தில் போட்டுக்கொண்டேன், அதுவும் அவருக்கு முன்னாலேயே. நீங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தீர்கள்.

"சரி விடு. தெரிஞ்ச ஆளெண்டு கும்பிட்டிட்டாய். வரேக்கை தெரிஞ்ச ஆளாவே வரட்டும்."

அந்தச் சிரிப்பு எனக்குக் கோபத்தைத்தான் கிளப்பியது. வீடு சேரும்வரை உங்களோடு கதைக்கவில்லை. அடுத்த நாள் வந்த ரிசல்ட் கூடாத ரிசல்ட். அந்த ஒரு பயண நேரத்தையும் கதைக்காமல் கழித்தேனே என்று இன்றைக்கும் என்மேல் எரிச்சல் வருகிறது.

நீங்கள் கண்மூடுவதற்கு முன் கடைசியாய் வீடியோவில் பார்த்தபோது உங்களுக்கும் அதே விலா. "அம்மை வந்திட்டா" என்றீர்கள். "கையிலை ஈட்டியைக் காணேல்லையடி. தாளந்தான் வைச்சிருக்கிறா." மருந்து மயக்கம் என்றார்கள் உங்கள் பிள்ளைகள். நான் அப்படி நினைக்கவில்லை.

போன் அடிக்கிறது. இலக்கம் காட்டவில்லை, ஆஸ்பத்திரி அழைப்பு இப்படித்தான் வரும். பயமாய்த்தான் இருக்கிறது, அக்கா. வருகிற ஆளின் கையில் என்ன இருக்கிறதென்று தெரியாது. ஆளைத் தெரியும்.

எடுக்கிறன்.