அடங்கலில் போனவருக்குத் தேதி இல்லை

அன்புள்ள சாகுல், ஆமை நாட்டின் ஒரே பஞ்சாங்கக்காரரே,

நான் சொல்லச் சொல்ல உம் மகள் மெகருன்னிசாதான் இதை எழுதுகிறாள். பம்பாயில் படித்த பிள்ளை, தமிழை எழுத்துக் கூட்டித்தான் எழுதுவாள். அதனால் நிறுத்தி நிறுத்திச் சொல்கிறேன். எனக்கு எழுதப் படிக்க வராது என்பது உமக்குத் தெரியும்.

நீர் போய் மூன்று மாதம் ஆகிறது. தாராவியில் மழை நின்றுவிட்டது. நம் தோல்பைப் பட்டறை ஓடுகிறது. உம் மிஷினில் இப்போது பீகார்க்காரர் ஒருவர் உட்கார்ந்து தைக்கிறார். நல்ல தையல், பேச்சுதான் கிடையாது. சுவரில் மூன்று காலண்டர்களும் அப்படியே தொங்குகின்றன.

அந்த மூன்றால் வந்ததுதானே எல்லாம். ஒன்று தமிழ்க் காலண்டர், ஒன்று மராத்தி, ஒன்று உங்கள் பிறைக் காலண்டர். எந்தப் பண்டிகைக்கு லீவு கேட்டாலும் முதலாளி சேட் மற்ற இரண்டைக் காட்டி, "இஸ்மே கஹான் ஹை?", இதில் எங்கே இருக்கிறது என்பார். அவற்றில் அது சாதாரண நாளாக இருக்கும். ஒரு காலையில் உமக்குப் பொறுமை போய்விட்டது. "நமக்குன்னு ஒரு நாடு வேணும் வே. காலண்டரை நான் போடுதேன்" என்றீர். மாலைக்குள் நாடு வந்துவிட்டது.

கடலில் மிதக்கும் பெரிய ஆமை, அதன் முதுகில் ஊர். ஆமை வருஷத்துக்கு ஒரே ஒரு மூச்சு விடும். உள்மூச்சுக்கு ஐந்து மாதம், வெளிமூச்சுக்கு ஐந்து மாதம், மாதத்துக்கு முப்பத்தைந்து நாள். கிழமை ஐந்துதான்: பாசி, சங்கு, உப்பு, கூழாங்கல், ஓடு. ஓடு அன்று யாரும் வேலை செய்யக்கூடாது. வெளிமூச்சு முடிந்ததும் ஆமை மூச்சை அடக்கிக்கொள்ளும். அந்த நாட்களுக்கு அடங்கல் என்று பெயர் வைத்தீர். அடங்கலில் தேதி கிடையாது, கிழமை கிடையாது, யாருக்கும் வயதும் ஏறாது.

ஆமை மறுபடி மூச்சு இழுப்பதை ஒருவர் கேட்டுச் சொல்ல வேண்டும். இன்னொருவர் "நானும் கேட்டேன்" என்று சொல்ல வேண்டும். அப்போதுதான் புது வருஷம். ஒற்றைக் காது செல்லாது. மழைத் தண்ணீர் பட்டறைக்குள் ஏறும் நாளில் நமக்கு அடங்கல் தொடங்கும். வடிந்து மிஷின் ஓடும் நாளில் நீர் கேட்பீர், நான் பதில் சொல்வேன். முப்பத்தொரு வருஷம் தப்பவில்லை. நீர் நோட்டில் எழுதினீர், நான் தலையில் வைத்துக்கொண்டேன். நீர் வாசித்துக் காட்டியபோது கவனித்தேன், நோட்டில் இரண்டு இடத்தில் கிழமையைத் தவற விட்டிருக்கிறீர். சொன்னால் ஒரு வாரம் பேசமாட்டீர் என்று விட்டுவிட்டேன்.

போன வாரம் மெகருன்னிசா அந்த நோட்டுகளோடு செம்பூரிலிருந்து பஸ் ஏறி வந்தாள்.

"மாமா, நான் பொறந்தது, உம்மா மௌத்தாப் போனது, எல்லாம் எழுதியிருக்காங்க. கடைசிப் பக்கம் மட்டும் காலி. வாப்பா போனது அந்த நாட்டுல என்ன தேதி? எழுதி மூடி வைக்கணும்."

எதைச் சொன்னாலும் நம்பியிருப்பாள். சரிபார்க்க வேறு ஆள் ஏது? முதல் மாதம், முதல் பாசி என்று நாக்கு நுனிவரை வந்தது. விழுங்கிக்கொண்டேன்.

நடந்ததைச் சொன்னேன். அன்று காலை ஆஸ்பத்திரியிலிருந்து நீர் போன் செய்தீர். "ஏ சொடல, ஆமை மூச்சு இழுத்துட்டு வே. கேட்டீரா?" குரல் நூலாக இருந்தது. நான் முழங்கால் தண்ணீரில் நின்று தோல் கட்டுகளைப் பரணில் ஏற்றிக்கொண்டிருந்தேன். "மிஷினெல்லாம் நனைஞ்சு கெடக்கு, அதுக்குள்ள என்ன வே அவசரம்? எனக்கு ஒண்ணும் கேக்கல. நாளைக்குப் பாப்போம்" என்றேன். "ஒமக்குக் காது போச்சு" என்று சிரித்தீர். மாலைத் தொழுகைக்கான அஸர் பாங்குக்கு முன்னால் போய்விட்டீர்.

மெகருன்னிசா காலிப் பக்கத்தை விரலால் தட்டினாள்.

"கேட்டேன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்லா மாமா. பொய்யாவாவது."

"நாட்டையே பொய்யாத்தானம்மா கட்டினோம். அந்த ஒண்ணுல மட்டும் பொய் ஆகாதுன்னு வச்சிருந்தாரு ஒங்க வாப்பா."

"அப்போ இப்போ சொல்லுங்க."

"இப்போ சொன்னா இன்னைக்குத்தான் வருஷம் பொறக்கும். பின்னால போகாது."

"ரெண்டு பேருக்கும் நல்லா கிறுக்குப் பிடிச்சிருக்கு" என்றாள். இதையும் எழுதணுமா என்று இப்போது கேட்கிறாள். எழுது என்றேன்.

பிறகு அவளே பேனாவை எடுத்துக் கடைசிப் பக்கத்தில் எழுதி, எனக்கு வாசித்துக் காட்டினாள். "வாப்பா அடங்கலில் போனார். தேதி இல்லை."

அது சரிதானா ஓய்? வயதே ஏறாத நாளில் ஒருவர் சாகலாமா? அதற்கு நீர் சட்டம் போடவில்லை. நானும் கேட்டு வைக்கவில்லை.

ஆமை நாட்டில் வருஷம் நின்றுதான் இருக்கிறது. அன்று கிளம்பும்போது மெகருன்னிசா செருப்பை மாட்டிக்கொண்டே, "மாமா, எனக்கு எப்பமாவது ஆமை மூச்சு கேட்டா போன் பண்ணலாமா?" என்றாள். பண்ணு என்றேன்.

அவள் கூப்பிட்டால், கேட்காததைக் கேட்டேன் என்று சொல்லமாட்டேன். அது உம் சட்டம். ஆனால் கையில் இருக்கிற வேலையைக் கீழே வைப்பேன். பட்டறையில் எல்லா மிஷினையும் நிறுத்தச் சொல்வேன். சேட் கத்தினால் கத்தட்டும். கேட்கிறவரைக்கும் போனை வைக்கமாட்டேன். இது உமக்கு நான் தரும் வாக்கு.

எதிர்மிஷினில் இருந்த உம் கூட்டாளி,
சுடலைமுத்து