காரம் என்றால் மிளகாய் இல்லை

என் தலைமுடியை இழுத்துப் பின்னிப் பின்னியே என்னை அழவைத்த அருளக்காவுக்கு,

திருச்சி விடுதியிலிருந்து நான் எழுதிய கடிதங்களைத் தபால்காரர்தான் வாசலில் நின்று உனக்குப் படித்துக் காட்டுவார். அவருக்குப் பெரிய குரல். என் வயிற்றுவலி வரைக்கும் தெருவில் பாதிப் பேருக்குத் தெரிந்துவிடும். "சொந்த விஷயம் எழுதாதடி, ஊரு சிரிக்குது" என்று நீ அவரிடமே பதில் எழுதச் சொல்வாய். அவரும் ஒரு சொல் விடாமல் எழுதி அனுப்புவார். உனக்கு எழுதுவதை மற்றவர்களும் கேட்பார்கள் என்பது நமக்கு எப்போதும் இருந்ததுதான். அந்தத் தைரியத்தில் இதைப் பத்திரிகைக்கு அனுப்புகிறேன்.

நீ போய் ஒரு வருஷம்; மாதாகோயிலில் உன் வருஷப் பூசை நல்லபடியாக முடிந்தது. அம்மா அழவில்லை. நான்தான் பீடத்தைப் பார்க்காமல் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அசதியாக இருக்கிறது, அக்கா. பேசவேண்டிய இடத்தில் வாயை மூடிக்கொண்டிருந்தால் உடம்பு இப்படி ஓய்ந்துபோகும் என்று எனக்குத் தெரியாது.

எனக்கு வேலை கிடைத்தது உனக்குத் தெரியாதே. பிரெஞ்சுக்காரர்கள் போன பிறகு இந்திய அரசாங்கத்தின் புகையிலை வரி இங்கேயும் வந்துவிட்டது. எந்த இலைக்கு எவ்வளவு வீரியம், எது சுருட்டுக்கு ஆகும், எது பீடிக்கு ஆகும் என்று அறிந்து சொல்ல அரசாங்கம் ஒரு நிபுணர் குழுவைப் போட்டிருக்கிறது. இலைக்கு இலை வரி மாறுமாம். குழுவில் மூன்று பேர். தலைவர் ஓய்வுபெற்ற அதிகாரி. இன்னொருவர் வியாபாரம் தெரிந்தவர். மூன்றாமவர் ரசாயன நிபுணர், ஆந்திரப் பக்கத்துக்காரர், எல்லோரையும்விட நல்ல மனிதர். மூவருக்கும் தமிழ் தெரியாது. ரசாயனம் படித்த, இங்கிலீஷ் தெரிந்த உள்ளூர் ஆள் வேண்டும் என்று தேடியபோது நான் அகப்பட்டேன். சாட்சிகள் சொல்வதை மொழிபெயர்க்க வேண்டும், பிறகு எல்லாவற்றையும் தட்டச்சு செய்ய வேண்டும். தற்காலிக வேலைதான்.

நீ சுருட்டுக் கொட்டகையில் உட்கார்ந்து இலையின் நடுநரம்பு கிழித்து என்னைப் படிக்கவைத்தாய். படித்துவிட்டு நானும் புகையிலையிடமே வந்து சேர்ந்தேன். இதைக் கேட்டு நீ சிரித்திருப்பாயா, தலையில் அடித்துக்கொண்டிருப்பாயா?

விசாரணை நம்ம மேரி கட்டடத்தில் நடந்தது. அது பிரெஞ்சுக்காரர்கள் வைத்த பேர்; இப்போது அதை நகராட்சி அலுவலகம் என்று சொல்லவேண்டுமாம், யாரும் சொல்வதில்லை. கொட்டகை முதலாளிகள் ஒவ்வொருவராக வந்து, வரிக்குப் பயந்து, தங்கள் இலை சாதுவான இலை என்று சத்தியம் பண்ணாத குறையாகச் சொல்லிவிட்டுப் போனார்கள். தொழிலாளர் பக்கத்திலிருந்து ஒருவரையும் கேட்கவேண்டும் என்றார் ரசாயன நிபுணர். உன் பக்கத்துப் பலகையில் உட்காரும் போலகத்துத் தனபாக்கியம் வந்தாள்.

உள்ளே வந்ததும் என் காதருகே குனிந்து, "ஏண்டி செசிலி, நாற்காலி போட்டிருக்காங்களே, எனக்கா? உக்காந்தா அதுக்கும் வரி உண்டா?" என்றாள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. தலைவர் என்னைப் பார்த்தார். நான் காகிதத்தைப் பார்த்தேன்.

கொட்டகைக்கு வரும் இலை எப்படி என்று கேட்டார்கள்.

"எலை நல்ல எலைதாங்க. காரம்தான் சாஸ்தி. காலைல உக்காந்தா மதியத்துக்குள்ள காரம் ஏறிடும். மழை நாள்ல எலை ஈரமா வந்தா இன்னும் மோசம். புதுசா வர்ற பொண்ணுங்க நாலு நாள் தாங்காதுங்க."

காரம் ஏறுவது என்றால் என்ன என்று உனக்கு நான் சொல்லவேண்டுமா? தலை கிறுகிறுக்கும், வாயெல்லாம் எச்சில் ஊறும், கை நடுங்கும், பிறகு சுவரோரம் போய்க் குத்துக்காலிட்டு வாந்தி எடுக்கவேண்டும். நீ வேலை முடிந்து வந்து தட்டைத் தள்ளி வைப்பாய். "காரம் ஏறிடுச்சுடி, நீ சாப்புடு." உன் பங்கையும் சேர்த்து நான் சாப்பிடுவேன். வேலைக்குப் போகிற எல்லோருக்கும் சாயங்காலம் வருவது அது என்று நினைத்துக்கொண்டுதான் வளர்ந்தேன்.

அந்தச் சொல்லுக்கு இங்கிலீஷில் என்ன சொல்வது என்று தேடிக்கொண்டிருந்தேன். அதற்குள் ரசாயன நிபுணர் முகம் மலர்ந்து, "காரம்! காரம்! எங்கள் தெலுங்கிலும் இந்தச் சொல் உண்டு. மிளகாய்!" என்றார். இலை உறைப்பானது என்கிறாள், அப்படித்தானே என்று என்னிடம் கேட்டார். மற்ற இருவரும் சிரித்தார்கள். அறையில் முதல் தடவையாக எல்லோருக்கும் ஒரு சந்தோஷம். அதைக் கெடுக்க எனக்கு வாய் வரவில்லை.

"ஆமாம் சார், ஸ்ட்ராங்" என்றேன்.

புதிய பெண்கள் நாலு நாள் தாங்கமாட்டார்கள் என்பதையும் சொன்னேன். அதற்கு என்ன அர்த்தம் என்றார் தலைவர். புதியவர்களுக்கு நெடி பழகியிருக்காது என்றேன். அவ்வளவுதான். சுருக்கெழுத்துக்காரர் எழுதிக்கொண்டார். அடுத்த சாட்சியைக் கூப்பிட்டார்கள்.

வெளியே வாசற்படியில் தனபாக்கியம் காத்திருந்தாள். "நம்ம வாந்தியெல்லாம் எழுதிக்கிட்டாங்களா?" என்று கேட்டாள். "எழுதிக்கிட்டாங்க" என்றேன். அக்கா, நான் வாய்கூசாமல் சொன்ன பொய் அது ஒன்றுதான்.

மறுவாரம் அறிக்கையின் அந்தப் பக்கம் தட்டச்சுக்கு வந்தது. இந்த ஊர்ச் சுருட்டு இலை மிகுந்த வீரியமுள்ளது, அதைக் கையாளும் பெண் தொழிலாளரும் இதை உறுதிப்படுத்துகிறார்கள் என்று எழுதியிருந்தது. நீங்களெல்லாம் சுவரோரம் உட்கார்ந்தது அந்த இலைக்கு நற்சான்றாகிவிட்டது. அதை என் விரலாலேயே அடித்தேன். மூன்று நகல்.

பிறகுதான் குழுவின் காரியதரிசியிடம் போய் நின்றேன். என்ன என்றார். சொன்னேன். அவர் காதைக் கிட்டே கொண்டுவந்து, இன்னொரு தடவை சொல்லு என்றார். சொன்னேன்.

"அம்மா, இந்தக் குழு இலையைப் பற்றியது, நோயைப் பற்றியது இல்லை. சாட்சி சொன்னதைச் சாட்சிதான் திருத்த முடியும். மொழிபெயர்ப்பவர் திருத்தினால் நாளைக்கு ஒவ்வொருவரும் வருவார்கள்" என்றார். கோபப்படவில்லை. மின்விசிறி சரியாக ஓடுகிறதா என்று பார்ப்பதுபோல மேலே பார்த்துக்கொண்டே சொன்னார்.

ரசாயன நிபுணர் அடுத்த மேசையில் இருந்தார். எழுந்து வந்து, அந்தச் சொல்லுக்கு உண்மையான அர்த்தம் என்ன என்று கேட்டார். என் இங்கிலீஷ் பாதியில் நின்றுவிட்டது. கையால் வயிற்றைத் தொட்டுக் காட்டினேன், தலையைச் சுற்றிக் காட்டினேன். சோதனைச் சாலையில் இலைச்சாறு கையில் பட்ட நாட்களில் அவருக்கும் அப்படி ஆனதுண்டாம். வெயிலால் என்று நினைத்தாராம்.

"மிளகாய் என்று சொன்னது நான்தானே" என்றார். அடுத்த அமர்வு நாகப்பட்டினத்தில். அங்கே யாராவது சாட்சியாக வந்து சொன்னால், அதைப் பதிவு செய்யவேண்டும் என்று தான் வற்புறுத்துவதாகச் சொன்னார். குழுவிடம் சம்பளம் வாங்குகிறவர் சாட்சி சொல்ல முடியாது என்பதையும் அவரே சொன்னார், தயங்கித் தயங்கி.

நாகப்பட்டினத்துக்கு வந்து சாட்சி சொல்லத் தனபாக்கியத்தைக் கூப்பிட்டேன். "நான் ஒரு நாள் வரலைன்னா என் பலகைல வேற ஆளு உக்காந்துடும்டி. முதலாளி ஏற்கெனவே கேட்டாச்சு, மேரில என்ன பேசுனன்னு. நீதான் படிச்சவளாச்சே, நீ போயேன்" என்றாள். அவள்மேல் எனக்கு வருத்தமில்லை. அவளை நாற்காலியில் உட்காரவைத்துவிட்டு அவள் பேச்சை விழுங்கியவள் நான்தானே.

இலைதான் உன்னைக் கொண்டுபோனதா, அக்கா? எனக்குத் தெரியாது. டாக்டர் சீட்டில் பலவீனம் என்றுதான் எழுதினார். நான் படித்த ரசாயனம் அதற்குமேல் சொல்லப் போதாது. தெரியாததைத் தெரியும் என்று நான் எங்கேயும் சொல்லமாட்டேன். ஆனால் இலையின் வீரியத்தை அளக்க இத்தனை பேர் இத்தனை தூரம் வருகிறார்களே, அது ஏறுகிற உடம்பைப் பற்றி ஒருவராவது ஒரு கேள்வி கேட்டிருக்க வேண்டாமா? கேட்காமலேயே ஒருத்தி சொன்னாள். அதையும் நான் நெடி என்று சொல்லிவிட்டேன்.

இந்த வேலையை விட்டால் வேறு வேலை எப்போது வரும் என்று தெரியாது. பள்ளிக்கூடத்தில் கேட்டிருக்கிறேன், ஜூனில் பார்க்கலாம் என்கிறார்கள். அம்மாவிடம் சொல்லத்தான் பயந்தேன். கேட்டுவிட்டு முறத்தைக் கீழே வைத்தாள்.

"விட்டுட்டுப் போ. ஆனா அங்கயாச்சும் சத்தமாச் சொல்லு. நீ பேசுறது உன் காதுக்கே எட்டாது."

"பயமா இருக்கும்மா."

"அவ பயப்படாமயா தெனம் கொட்டகைக்குப் போனா?"

அவ்வளவு நாளும் உனக்குப் பயமாக இருந்தது என்று அம்மாவுக்குத் தெரிந்திருக்கிறது. என்னிடம் நீ சொன்னதே இல்லை. நான் கேட்டதும் இல்லை.

ராஜினாமாக் கடிதத்தை அவர்களுடைய இயந்திரத்திலேயே அடித்துக் கொடுத்துவிட்டேன். காரியதரிசி வாங்கிப் பார்த்து, இரண்டு இடத்தில் எழுத்துப் பிழை என்றார். திருத்திக் கொடுத்தேன்.

வருகிற வியாழக்கிழமை நாகப்பட்டினம் போகிறேன். அங்கே சாட்சியாக உட்காருவேன். உனக்கு நான் கொடுக்கும் வாக்கு இதுதான்: அந்தச் சொல்லை அவர்களுக்கு மொழிபெயர்த்துச் சொல்லமாட்டேன். காரம் என்றே சொல்லி, அதை அப்படியே எழுதிக்கொள்ளச் சொல்லி, அதன் கீழே உன் தலைசுற்றலையும் வாந்தியையும் நீ தள்ளி வைத்த தட்டையும் ஒவ்வொன்றாகச் சொல்லுவேன். காதைக் கிட்டே கொண்டுவந்து இன்னொரு தடவை சொல்லு என்றால், இன்னொரு தடவையும் சொல்லுவேன்.

உன் பங்குச் சோற்றையும் சாப்பிட்டு வளர்ந்த தங்கச்சி,
செசிலி